ஆர்க்காட்டு அரியணையும் சந்தா சாகிப்பும்

வேலூரிலிருந்து பாலாற்றுப் பள்ளத்தாக்கின் வழியே மேற்கு நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில் பள்ளிகொண்டா, மாதனூர் ஆகிய ஊர்களைக் கடந்தால் ஆம்பூர் வரும். தோல் பதனிடும் கூடங்களாலும் காலணித் தொழிற்சாலைகளாலும் இன்று அறியப்படும் ஊர் இது. ஊருக்கு அருகில் உயர்ந்து நிற்கும் ஆம்பூர் துருக்கம் என்னும் மலைக்கோட்டையின் அடிவாரத்தில்தான், 1749ஆம் ஆண்டு ஆகஸ்டு 3ஆம் நாள், தென்னிந்திய வரலாற்றின் போக்கை மாற்றிய போர் ஒன்று நடந்தது. அப்போரில் வென்றவர் சந்தா சாகிப். மூன்றே ஆண்டுகளில் அவ்வெற்றியையும் உயிரையும் இழந்தவரும் அவரே.

அவருடைய இயற்பெயர் உசேன் தோஸ்து கான். அவர் வாழ்ந்த காலத்து ஆர்க்காடு மிக இளைய அரசு. ஔரங்கசீப்பின் தெற்குப் படையெடுப்பில் முளைத்த அவ்வரசு, 1710இல் பொறுப்பேற்ற சாதத்துல்லா கானின் காலத்தில்தான் வேரூன்றியது. அவருக்குப் பின் 1732இல் தோஸ்து அலி நவாபானார். முகலாயப் பேரரசு வலுவாக இருந்தவரை நவாபை நியமிப்பது யார் என்ற வினா எழவில்லை. பேரரசு தளர்ந்தபின், நவாப் பதவி தந்தை வழி உரிமையா, ஐதராபாத்து நிசாம் வழங்கும் பணியா என்பது தெளிவாகவில்லை. இந்தத் தெளிவின்மையே பின்னாளில் உள்நாட்டுப் போராக வெடித்தது.

தோஸ்து அலியின் மகளை மணந்த சந்தா சாகிப், துணிவும் போர்த்திறனும் மிக்கவர். நாயக்கர் ஆட்சியின் இறுதிக் காலத்தில் திருச்சிராப்பள்ளியில் அரசி மீனாட்சிக்கும் வங்காரு திருமலைக்கும் இடையே வாரிசுப் பூசல் மூண்டது. அரசிக்குப் பாதுகாப்பு அளிப்பதாகச் சந்தா சாகிப் சூளுரைத்தார். அவர் வாக்கை நம்பி அரசி கோட்டைக் கதவுகளைத் திறந்தார். 1736இல் கோட்டை சந்தா சாகிப்பின் வசமாயிற்று. ஏமாற்றப்பட்ட அரசி நஞ்சுண்டு மாண்டார். சந்தா சாகிப்பின் ஆற்றலைப் போற்றுவோரும் இச்செயலைப் போற்றுவதற்கில்லை.

அவருடைய வளர்ச்சி ஆர்க்காட்டில் பொறாமையை விளைத்தது. 1740இல் ரகூஜி போன்ஸ்லேயின் தலைமையில் வந்த மராத்தியப் படை, தமல்செருவுக் கணவாயில் தோஸ்து அலியைக் கொன்றது. அவர் மகன் சப்தர் அலி பெருந்தொகை தருவதாக மராத்தியரோடு உடன்பட்டார். மைத்துனரான சந்தா சாகிப்பைத் திருச்சிராப்பள்ளியிலிருந்து அகற்றுவதற்கான மறைமுக ஏற்பாடும் அவ்வுடன்பாட்டில் அடங்கியிருந்தது. 1741இல் திருச்சிராப்பள்ளி வீழ்ந்தது. சந்தா சாகிப் சிறைப்பட்டு, தொலைவிலுள்ள சதாராவுக்குக் கொண்டுசெல்லப்பட்டார். அவருடைய மனைவியும் மகனும் புதுச்சேரியில் பிரெஞ்சுக்காரரிடம் அடைக்கலம் புகுந்திருந்தனர். அவர்களை ஒப்படைக்குமாறு மராத்தியர் மிரட்டியபோதும் ஆளுநர் துய்மா இணங்கவில்லை. பிரெஞ்சுக்காரரோடு சந்தா சாகிப் கொண்ட உறவின் வேர் இங்கேதான் இருக்கிறது.

ஏழாண்டுச் சிறைவாசத்தின்போது ஆர்க்காட்டு அரியணை குருதியில் நனைந்தது. 1742இல் சப்தர் அலி வேலூரில் தங்கியிருந்தபோது, வேலூர்க் கோட்டையை ஆண்ட மற்றொரு மைத்துனர் முர்த்தசா அலியின் ஏவலால் கொல்லப்பட்டார். நவாபாகத் தம்மை அறிவித்துக்கொண்ட முர்த்தசா அலியைப் படைவீரர்கள் ஏற்கவில்லை. அவர் பெண்வேடமிட்டு ஆர்க்காட்டிலிருந்து வேலூருக்குத் தப்பியோடினார். சப்தர் அலியின் இளம் மகன் 1744இல் ஒரு திருமண விழாவிலே குத்திக் கொல்லப்பட்டான். நிசாம், தம் அலுவலரான அன்வருத்தீனை நவாபாக்கினார். அவர் முதியவர், ஆட்சி அனுபவம் நிறைந்தவர். ஆனால் பழைய நவாபின் குடும்பத்தவர் அல்லர். எனவே, பழைய குடும்பத்தின்மீது பற்றுடையோர் சதாராவை நோக்கிக் காத்திருந்தனர்.

1748இல் நிசாம் இறந்தார். ஐதராபாத்திலும் அவர் மகன் நாசிர் ஜங்கும் மகள்வழிப் பெயரன் முசாபர் ஜங்கும் அரியணைக்குப் போட்டியிட்டனர். அதே ஆண்டில் விடுதலை பெற்ற சந்தா சாகிப் முசாபர் ஜங்கோடு சேர்ந்தார். அவ்விருவருக்கும் புதுச்சேரி ஆளுநர் தூப்ளே படையுதவி அளித்தார். ஐரோப்பாவில் பிரான்சும் இங்கிலாந்தும் அமைதி உடன்படிக்கை செய்துகொண்டிருந்த வேளை அது. நேராக மோத இயலாத அவ்விரு நாட்டு வணிகக் குழுமங்களுக்கும் ஆர்க்காட்டுப் பங்காளிச் சண்டை நல்வாய்ப்பாக அமைந்தது.

ஆம்பூரில் மலைக்கும் ஏரிக்கும் இடைப்பட்ட கணவாயே கருநாடகப் பகுதிக்குள் நுழையும் வாயில்களுள் ஒன்று. அன்வருத்தீன் ஏறத்தாழ 20,000 வீரரோடு அங்கே அரண் அமைத்துப் பீரங்கிகளை நிறுத்தியிருந்தார். எதிர்ப்படையில் ஐரோப்பியர் சுமார் 400 பேர்தாம். ஆயினும் அரணை உடைத்தவர்கள் அவர்களே. முதல் இரு தாக்குதல்கள் முறியடிக்கப்பட்டன. மூன்றாவது தாக்குதலில் அரண் சரிந்தது. யானைமீது வீற்றிருந்த முதியவர் புறமுதுகிடவில்லை. சந்தா சாகிப்பின் கொடியைக் கண்டதும், அவரை நேருக்கு நேர் எதிர்கொள்ள யானையைச் செலுத்தினார். அப்போது நெஞ்சில் பாய்ந்த குண்டினால் வீழ்ந்தார். பிரெஞ்சுப் படையில் பணியாற்றிய ஆப்பிரிக்க வீரர் ஒருவரே அக்குண்டைச் சுட்டவர் என்று அக்கால வரலாற்றாசிரியர் ராபர்ட் ஓர்மின் நூல் கூறுகிறது. எந்த நாட்டு மண்ணில் பிறந்து, யாருக்காக ஆம்பூருக்கு வந்தார் அந்த வீரர்! அவருடைய பெயர்கூட எஞ்சவில்லை. நவாபின் மூத்த மகன் மாபூஸ் கான் சிறைப்பட்டார். இளைய மகன் முகமது அலி திருச்சிராப்பள்ளிக்கு ஓடினார்.

ஆர்க்காட்டில் சந்தா சாகிப் நவாபானார். உதவிக்கு விலையாகப் புதுச்சேரியைச் சுற்றியிருந்த ஊர்கள் பிரெஞ்சுக்காரருக்குச் சென்றன. முகமது அலியோ ஆங்கிலேயரை அழைத்தார். உள்நாட்டுப் பூசலில் ஒருவர் ஒரு வல்லரசை அழைத்தால் மற்றவர் அதன் பகைவரை அழைப்பது உலகெங்கும் காணும் காட்சி. 1975இல் போர்ச்சுகலிடமிருந்து விடுதலை பெற்ற அங்கோலாவில், ஒரு தரப்புக்குச் சோவியத்து ஒன்றியமும் கியூபாவும், மறுதரப்புக்குத் தென்னாப்பிரிக்காவும் அமெரிக்காவும் துணைநின்றன. அந்த இளைய ஆப்பிரிக்க நாட்டின் உள்நாட்டுப் போர் 2002 வரை ஓயவில்லை.

ஆம்பூர் வெற்றிக்குப்பின் உடனே திருச்சிராப்பள்ளியைத் தாக்கியிருந்தால் போர் அப்போதே முடிந்திருக்கக்கூடும். சந்தா சாகிப்பிடம் படைக்கு ஊதியம் கொடுக்கப் பணமில்லை. ஆகவே, தஞ்சை மன்னரிடம் திறை பெறச் சென்று, பேரம் பேசியே பொன்னான நாட்களைக் கழித்தார். அதற்குள் நாசிர் ஜங் பெரும்படையோடு தெற்கே வந்துவிட்டார். 1750 திசம்பரில் செஞ்சிக்கு அருகே நாசிர் ஜங் கொல்லப்பட்டதால் சந்தா சாகிப்பின் கை மீண்டும் ஓங்கியது. 1751இல் அவர் திருச்சிராப்பள்ளியை முற்றுகையிட்டார்.

முகமது அலியைக் காக்க ஆங்கிலேயர் வேறு வழி தேடினர். ராபர்ட் கிளைவ் என்னும் இளைஞர் 200 ஐரோப்பியரோடும் 300 சிப்பாய்களோடும் சென்று, காவல் குறைந்திருந்த ஆர்க்காட்டைக் கைப்பற்றினார். தலைநகரை மீட்கச் சந்தா சாகிப் தம் மகன் ராசா சாகிப்பை அனுப்ப நேர்ந்தது; திருச்சி முற்றுகை அதனால் தளர்ந்தது. வேலூரிலிருந்து முர்த்தசா அலியும் படையோடு வந்து சேர்ந்தார். ஐம்பது நாள் முற்றுகைக்குப் பிறகும் கோட்டை வீழவில்லை. கிளைவின் புகழ் அங்கே பிறந்தது.

முகமது அலியோடு மைசூர், தஞ்சை, முராரி ராவின் மராத்தியர் என அனைவரும் இணைந்தனர். ஒவ்வொருவருக்கும் அவர் ஏதேனும் ஒன்றை வாக்களித்திருந்தார். மைசூருக்கு அவர் தருவதாகச் சொன்னது திருச்சிராப்பள்ளியையே. பிரெஞ்சுத் தளபதி லா, திருவரங்கத் தீவுக்குப் பின்வாங்கிச் சிக்கிக்கொண்டார். தப்பிக்க வேறு வழியறியாத சந்தா சாகிப், தஞ்சைத் தளபதி மானோஜியின் உறுதிமொழியை நம்பி அவரிடம் சென்றார். சிறைப்பட்டவரைத் தம்மிடம் ஒப்படைக்குமாறு நேச அணியினர் ஒவ்வொருவரும் கேட்டனர். எவரிடம் கொடுத்தாலும் பிறருடைய பகை வரும் என்று கருதிய மானோஜி, 1752 சூனில் அவரைக் கொல்ல ஆணையிட்டார். வெட்டப்பட்ட தலை முகமது அலிக்கு அனுப்பப்பட்டது. அவர் கொலையுண்ட இடமும் மீனாட்சி அரசிக்கு அவர் வாக்களித்த மண்டபமும் ஒன்றே என்பது வழிவழியாக வழங்கும் செய்தி.

வென்ற முகமது அலி நாற்பது ஆண்டுகளுக்கு மேல் நவாபாக இருந்தார். போர்ச் செலவுக்காக ஆங்கிலேயரிடம் பட்ட கடன் வளர்ந்துகொண்டே சென்றது. நிலவரி வருவாய் அடகாகக் கைமாறியது. அரண்மனையும் ஆர்க்காட்டை விட்டுச் சேப்பாக்கத்திற்குப் பெயர்ந்தது. 1795இல் அவர் மறைந்தார். ஆறாண்டுகளுக்குப்பின், 1801இல், கருநாடகத்தின் ஆட்சி முழுவதையும் கிழக்கிந்தியக் கம்பெனி எடுத்துக்கொண்டது. முகமது அலியின் உடல் திருச்சிராப்பள்ளி நத்தர்வலி தர்காவில் அடக்கம் செய்யப்பட்டது. சந்தா சாகிப்பின் கல்லறையும் அதே தர்காவில்தான் இருக்கிறது.