சித்தூர் வி. நாகையா

ஊரின் பெயரையே தம் பெயருக்கு முன்னால் தாங்கிப் புகழ்பெற்ற கலைஞர் சிலர் உளர். அவர்களுள் ஒருவர் சித்தூர் வி. நாகையா. எனினும், அவர் பிறந்த ஊர் சித்தூர் அன்று. அன்றைய குண்டூர் மாவட்டத்தைச் சேர்ந்த ரேபல்லை என்னும் ஊரில் 1904ஆம் ஆண்டு பிறந்தார். அவரைக் கலைஞராக உலகிற்குக் காட்டிய ஊர் சித்தூர். ஆதலால் அப்பெயரே அவருக்கு நிலைத்தது.

இளமையில் அவர் கல்வி கற்கத் திருப்பதி தேவஸ்தானத்தின் உதவித்தொகை துணைநின்றது. பின்னர்ச் சித்தூரில் அலுவலக எழுத்தராகவும், ஆந்திர பத்திரிகா என்னும் நாளிதழில் செய்தியாளராகவும் பணிபுரிந்தார். ஆயினும், அவர் உள்ளம் இசையையும் நாடகத்தையுமே நாடியது. சித்தூர் நாடக மேடைகளில் பாடி நடித்துப் பெயர்பெற்றார்.

1938இல் வெளிவந்த கிருஹலட்சுமி என்னும் தெலுங்குப் படத்தின் வாயிலாகத் திரையுலகில் நுழைந்தார். நடிகர், பாடகர், இசையமைப்பாளர், இயக்குநர், தயாரிப்பாளர் எனப் பல துறைகளிலும் சிறந்து விளங்கினார். 1946இல் வெளிவந்த தியாகய்யா படத்தைத் தாமே தயாரித்து, இயக்கி, இசையமைத்து, தியாகராசராகவும் நடித்தார். காவிரிக்கரைத் திருவையாற்றில் வாழ்ந்து தெலுங்கில் பாடிய அப்பெரியாரின் வாழ்வு, தமிழ், தெலுங்கு ஆகிய இரு மொழியினருக்கும் பொதுச்செல்வம் அன்றோ!

நாகையாவும் அவ்வாறே இரு மொழியினருக்கும் உரியவரானார். தமிழில் அசோக்குமார் படத்தில் தியாகராஜ பாகவதருடன் பேரரசர் அசோகராக நடித்தார். மீரா படத்தில் எம். எஸ். சுப்புலட்சுமியுடன் நடித்தார். பாவமன்னிப்பு படத்தில், பிற சமயத்தில் பிறந்த குழந்தையைத் தம் மகனாக வளர்க்கும் இசுலாமியப் பெரியவராக நடித்து மக்கள் மனத்தில் இடம்பெற்றார்.

அவர் ஈட்டிய பொருள் மிகுதி. ஈந்த பொருளோ அதனினும் மிகுதி எனலாம். உதவி வேண்டி வந்தவர் எவரையும் வெறுங்கையோடு அனுப்ப அவர் மனம் இசையவில்லை. சொந்தப் படத் தயாரிப்பிலும் இழப்பு நேர்ந்தது. தலைமை வேடங்களில் நடித்தவர், முதுமையில் சிறு வேடங்களை ஏற்று, குறைந்த ஊதியத்திற்கு நடிக்க வேண்டியதாயிற்று. வறுமை வந்தபோதும் அவர்தம் ஈகைக் குணம் குன்றவில்லை.

1965இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கிச் சிறப்பித்தது. 1973ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில் அவர் மறைந்தார். சென்னைத் தியாகராய நகரின் பனகல் பூங்காவில் அவருக்குச் சிலை அமைக்கப்பட்டுள்ளது. சேர்த்து வைத்த செல்வம் ஏதுமின்றி மறைந்த அவருக்குச் சித்தூரின் பெயரும் மக்களின் அன்பும் என்றும் நிலைத்த செல்வங்களாயின.