கோவை கண்ட தொழில் மேதை

புதுப் பொருளைக் கண்டு வியப்போர் பலர். அதனை விலை கொடுத்து வாங்கி மகிழ்வோர் சிலர். அஃது எவ்வாறு இயங்குகின்றது என ஆராய்ந்து அறிய முற்படுவோர் மிகச் சிலரே. அத்தகையோருள் ஒருவர், ஜி. டி. நாயுடு என வழங்கப்பெறும் கோபால்சாமி துரைசாமி நாயுடு ஆவார்.

இவர் கோவையை அடுத்த கலங்கல் என்னும் சிற்றூரில், உழவர் குடியில், 1893 ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 23 ஆம் நாள் பிறந்தார். பள்ளிப் படிப்பில் இவர் மனம் பற்றவில்லை; தொடக்கக் கல்வியோடு அது நின்றுவிட்டது.

இளமையில் ஒரு நாள், ஆங்கில அதிகாரி ஒருவரின் மோட்டார் சைக்கிளை இவர் கண்டார். மாடும் குதிரையும் இன்றித் தானே ஓடும் அவ்வூர்தி இவர் உள்ளத்தைக் கொள்ளை கொண்டது. அதுபோன்ற ஒன்றைத் தாமும் பெறுதல் வேண்டும் என உறுதி பூண்டார். கையில் பொருள் இல்லை. எனவே கோவைக்குச் சென்று, உணவு விடுதி ஒன்றில் பரிமாறும் பணியில் அமர்ந்தார். ஊதியத்தைச் சிறுகச் சிறுகச் சேர்த்து, சில ஆண்டுகளில் 300 ரூபாய்க்கு ஒரு மோட்டார் சைக்கிளை வாங்கினார். பிறராயின் அதன்மீது ஏறி ஊர் சுற்றி மகிழ்ந்திருப்பர். இவரோ அதன் உறுப்புகளை ஒவ்வொன்றாகக் கழற்றினார், மீண்டும் பூட்டினார். ஏட்டுக் கல்வியில் மனம் பற்றாத இளைஞருக்கு அப்பொறியே பள்ளியாயிற்று.

1920 ஆம் ஆண்டில் பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே ஒரு பேருந்தை ஓட்டத் தொடங்கினார். அம்முயற்சி வளர்ந்து, யூ.எம்.எஸ். என்னும் பெரிய போக்குவரத்து நிறுவனமாயிற்று. அக்காலத்தில் கோவைப் பகுதி உழவர்கள் எருதுகளைப் பூட்டிக் கவலை இறைத்தே பயிர் செய்தனர். பைகாரா நீர்வீழ்ச்சியிலிருந்து மின்னாற்றல் வந்தபின், நீர் இறைக்க மோட்டார்கள் தேவைப்பட்டன. 1937 இல் பாலசுந்தரம் நாயுடுவும் இவரும் இணைந்து, இந்நாட்டிலேயே மின்மோட்டாரைச் செய்து காட்டினர். கோவை பின்னாளில் மோட்டார்த் தொழிலுக்குப் பெயர் பெற்றதற்கு இஃது ஒரு வித்தாகும். மின்கலத்தால் இயங்கும் சவரக் கருவி, பழச்சாறு பிழியும் கருவி முதலியவற்றையும் இவர் ஆக்கினார்.

எண்ணியன எல்லாம் இவருக்குக் கைகூடிவிடவில்லை. 1952 இல், இருவர் அமரத்தக்க சிறு காரை 2000 ரூபாய் விலையில் தர முற்பட்டார். அரசின் உரிமம் கிடைக்கவில்லை. இவர் முயற்சியாலும் பொருளுதவியாலும் 1945 இல் கோவையில் தொழிற்கல்லூரி ஒன்று எழுந்தது. நான்கு ஆண்டுப் படிப்பை இரண்டே ஆண்டுகளில் கற்பிக்க இயலும் என்பது இவர் துணிபு. அதனை அன்றைய அரசு ஏற்கவில்லை. பதவியினும் கொள்கையே பெரிதெனக் கருதி, முதல்வர் பொறுப்பினின்றும் விலகினார். ஆயினும், இளைஞர்களுக்குத் தொழில் கற்பிக்கும் ஆர்வம் இவரை விட்டு நீங்கவில்லை.

1974 ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 4 ஆம் நாள் இவர் இயற்கை எய்தினார்.

மாணவர்களே! புதிய கருவிகள் நாள்தோறும் நம் கைக்கு வருகின்றன. அவற்றைப் பெறுதல் எளிது. அவற்றின் உள்ளியல்பை அறிதல் அரிது. விடுதியில் பரிமாறிய கைகளே பின்னர் மோட்டாரைப் படைத்தன என்பதை எண்ணிப் பாருங்கள். காணும் பொருளையெல்லாம் ஏன், எவ்வாறு என வினவும் பழக்கத்தை இன்றே மேற்கொள்ளுங்கள்.