இசையரசிக்குத் துணைநின்ற சதாசிவம்

விடியற்காலையில் வேங்கடேச சுப்ரபாதம் ஒலிக்கும் நம் கௌதள்ளித் தமிழ் இல்லங்களில் ஸ்ரீமதி எம்.எஸ். சுப்புலட்சுமியை அறியாதார் இரார். அக்குரலை உலகறியச் செய்த அவர்தம் கணவர் ஸ்ரீ டி. சதாசிவத்தை இளைஞர்கள் அறிந்திருப்பது குறைவே.

திருச்சி மாவட்டத்தில் 1902-ல் பிறந்த சதாசிவம், தேச விடுதலைக்காகச் சிறை சென்றவர், கதர் விற்றவர், ஆனந்த விகடனில் விளம்பரப் பகுதியை நிர்வகித்தவர். ஒரு பொருளை மக்களிடம் சேர்ப்பிக்கும் வித்தையை அங்கேதான் பழகினார் போலும்!

1940-ல் அம்மையாரை மணந்தபின் எங்கே பாடுவது, எதைப் பாடுவது என்பவை யாவும் அவர் பொறுப்பாயின. கச்சேரியில் முன்வரிசையில் அமர்ந்து அதன் போக்கையே கவனித்திருப்பார். 1941-ல் ‘சாவித்திரி’ படத்தில் அம்மையார் நாரதராக நடித்துப் பெற்ற ஊதியம், ‘கல்கி’ பத்திரிகைக்கு முதலாயிற்று. ஆயினும், 1945-ல் தமிழிலும் 1947-ல் ஹிந்தியிலும் ‘மீரா’ புகழின் உச்சியை எட்டிய பின், பணம் கொழிக்கும் திரையுலகையே இருவரும் துறந்தனர். வேறெந்த நிர்வாகி இதற்குத் துணிவார்?

ஒரு கலைஞரின் வாழ்வை மற்றொருவர் இவ்வளவு இறுக்கமாக ஆளலாமா என்று கேட்போர் உண்டு. கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் வருவாய் போன வழியையும் பார்க்க வேண்டும். 1944-ல் கஸ்தூரிபா நினைவு நிதிக்குக் கச்சேரிகள். சுப்ரபாத இசைத்தட்டின் உரிமத்தொகை திருப்பதி தேவஸ்தான வேத பாடசாலைக்கு.

1966-ல் ஐக்கிய நாடுகள் சபையில் அம்மையார் பாடியபோதும் அவர் உடனிருந்தார். 1997 நவம்பரில் சதாசிவம் மறைந்தார். அதன்பின், 2004-ல் தாம் மறையும் வரை, அம்மையார் கச்சேரி மேடை ஏறவில்லை.