வடலூரில் மூட்டிய அடுப்பு

ஒவ்வொரு வருடமும் மே 12 முதல் 18 வரை எமது சந்திகளிலும் கோயில் முன்றல்களிலும் கிடாரம் வைத்துக் கஞ்சி காய்ச்சுகிறோம். அதே மாதம் 23ஆம் திகதி, கடலுக்கு அப்பால் தமிழ்நாட்டின் வடலூரில் வேறோர் அடுப்பு தன் வயதில் ஒன்றைக் கூட்டிக்கொள்கிறது. 1867 மே 23இல் மூட்டப்பட்ட அந்த அடுப்பை இன்றுவரை அணையவிடாமல் காத்து வருகிறார்கள். மூட்டியவர் இராமலிங்க சுவாமிகள் என்ற வள்ளலார்.

வள்ளலார் என்றதும் எம்மில் பலருக்கு நினைவுக்கு வருவது வெள்ளை முக்காடும், திருவருட்பாவும், கடைசியில் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்ட கதையும்தான். எனக்கு அவர் முதலில் சோறு போட்ட மனிதர். அந்தப் பக்கத்தை மட்டும் இங்கே எழுதுகிறேன்.

1823 ஒக்டோபர் 5ஆம் திகதி சிதம்பரத்துக்கு அருகே மருதூரில் பிறந்தார். ஐந்து பிள்ளைகளில் கடைசி. கைக்குழந்தையாக இருக்கும்போதே தகப்பனார் இறந்துவிட, தாய் சின்னம்மை பிள்ளைகளோடு பொன்னேரிக்கும் பின்னர் சென்னைக்கும் வந்து சேர்ந்தார். புராணப் பிரசங்கம் செய்து குடும்பத்தைத் தாங்கியவர் மூத்த அண்ணன் சபாபதி. தம்பியோ படிக்க மறுத்துக் கந்தகோட்டத்தையே சுற்றிக்கொண்டிருந்தான். ஆத்திரப்பட்ட அண்ணன், இவனுக்கு வீட்டில் சோறு போடக்கூடாது என்று மனைவியிடம் சொல்லிவிட்டார்.

அண்ணியார் பாப்பாத்தி அம்மாள் கணவனின் சொல்லை நேரே மீறவில்லை. அவர் இல்லாத நேரம் பார்த்துப் பின்வாசலால் கூப்பிட்டுச் சாப்பாடு கொடுத்தார். பிறகு ஒருநாள் தகப்பனாரின் திவசம் வந்தது. முன்பக்கம் விருந்தினர் பந்தியில் இருந்து உண்டு எழும்ப, வீட்டுப் பிள்ளை வழக்கம்போலப் பின்பக்கம் வந்து நின்றது. ஊருக்கெல்லாம் இலை போட்ட வீட்டில் உனக்கு ஒளித்துத் தரவேண்டியிருக்கிறதே என்று அண்ணியார் அழுதுவிட்டார். அந்தக் கண்ணீருக்காகத்தான் சிறுவன் வீட்டுக்குள் வந்து படிக்கச் சம்மதித்தான் என்று அவரது வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

மாடியில் கண்ணாடியும் விளக்கும் வைத்து அவர் தியானம் செய்த கதை இதற்குப் பிறகு வருகிறது. பலரும் அதைத்தான் பெரிதாகச் சொல்வார்கள். நான் அந்தப் பின்வாசலிலேயே நின்றுவிடுகிறேன். வயிறு நிறைந்தும் பந்தியில் இடமில்லாமல் உண்பது என்னவென்று சிறுவயதிலேயே தெரிந்துகொண்டவர் அவர்.

1858 அளவில் சென்னையை விட்டுத் தெற்கே வந்து, வடலூருக்குப் பக்கத்தில் கருங்குழியில் ஓர் அன்பரின் வீட்டில் பல வருடங்கள் தங்கினார். மழை பொய்த்தால் சோறில்லை என்ற காலம் அது. 1866இல் ஒரிசாவிலும் சென்னை மாகாணத்தின் வடபகுதியிலும் பெரும் பஞ்சம் வந்தது. 1865இல் சங்கம் ஒன்றை நிறுவியிருந்த வள்ளலார், இரண்டு வருடத்தில் தருமச்சாலையைத் தொடங்கினார். வடலூர் மக்கள் சுமார் 80 காணி நிலத்தை எழுதிக் கொடுத்தார்கள்.

சாலையில் ஒருமுறை அரிசி தீர்ந்துபோனதாக ஒரு கதை உண்டு. மறுநாள் உலைக்கு ஒன்றுமில்லை. வள்ளலார் சற்றுநேரம் தனித்திருந்துவிட்டு, நாளைக்கு வரும் என்றார். விடிய வண்டிகளில் அரிசி வந்து இறங்கியது. அடியார்கள் இதை அற்புதம் என்பார்கள். லொறி வரும், கப்பல் வரும் என்று காத்திருந்த எமக்கு அந்த இரவில் சமையல்காரர் எப்படிக் கிடந்திருப்பார் என்றுதான் முதலில் யோசனை போகும்.

அவர் எழுதிய உரைநடை நூலான ஜீவகாருணிய ஒழுக்கத்தை நான் முகாமிலிருந்து வெளியே வந்த பிறகே வாசித்தேன். பசி வந்தால் உடலுக்கு என்ன நடக்கும் என்பதை அதில் உறுப்பு உறுப்பாகச் சொல்கிறார். கண் பஞ்சடைவது, காது இரைவது, நா வறள்வது, கை கால் சோர்வது, புத்தி மங்குவது என்று வைத்தியர் குறிப்பெழுதுவதுபோல் போகிறது. இது கேட்டு எழுதியதல்ல, பக்கத்தில் இருந்து பார்த்து எழுதியது என்று எனக்குப் பட்டது. 2009இல் வலைஞர்மடத்துக்கும் முள்ளிவாய்க்காலுக்கும் இடையில் இவற்றில் எதைத்தான் நாங்கள் பார்க்கவில்லை?

அதைவிட என்னைப் பிடித்துக்கொண்டது, மானமுள்ளவர்களைப் பற்றி அவர் சொல்லும் இடம். பசி தாங்காமலும் பிறரிடம் போய்க் கேட்க வாய் வராமலும் உள்ளுக்குள் வேகிறவர்களை அவர் தனியாக நினைத்துப் பார்க்கிறார். எமது வரிசையிலும் அப்படியானவர்கள் இருந்தார்கள். நேற்றுவரை சொந்த வயலில் நெல் வெட்டி ஊருக்கே புதிர் கொடுத்தவர்கள், உப்பும் அரிசியும் மட்டும் போட்ட, பால் விடாத கஞ்சிக்குக் கோப்பையோடு நிற்க வெட்கப்பட்டுப் பிள்ளையை அனுப்பினார்கள். பிள்ளை திரும்பி வரும்வரை பதுங்கு குழி வாசலில் கண்ணை வைத்துக்கொண்டு இருந்தார்கள்.

நாடு, சமயம், சாதி, நடத்தை எதையும் விசாரிக்காமல் பசித்தவருக்கு உணவு கொடுக்கவேண்டும் என்பது வள்ளலாரின் கட்டளை. விசாரிக்கப்படுவது என்னவென்று தெரிந்தவர்களுக்கு இது சின்ன விடயமல்ல. இன்னொன்றையும் அவர் கவனித்திருக்கிறார். உண்டவரின் உள்ளே ஒரு மகிழ்ச்சி எழும்பி முகத்தில் தெரியும், அதைப் பார்க்கிற கொடுத்தவரின் முகத்திலும் அது தொற்றும் என்கிறார். கடவுளின் இன்பத்தையே அவர் அந்த இரண்டு முகங்களிலும் கண்டார்.

எமது மண்ணுக்கும் அவருக்கும் இருக்கும் தொடர்பு ஒரு சண்டை. அவரது பாடல்களை அருட்பா என்று சொல்லக்கூடாது என்று நல்லூர் ஆறுமுக நாவலர் மறுப்பு எழுதினார். பகை நீதிமன்றம்வரை போனது. சாதி ஒழுங்கை விடாத நாவலரும் சாதியே வேண்டாம் என்ற வள்ளலாரும் ஒத்துப்போயிருக்க வழியில்லைத்தான். ஆனால் 1876, 1877ஆம் ஆண்டுகளின் தாது வருடப் பஞ்சத்தில் யாழ்ப்பாணம் பட்டினி கிடந்தபோது, கஞ்சித்தொட்டி வைத்து ஏழைகளுக்குக் கஞ்சி ஊற்ற ஏற்பாடு செய்தவர் அதே நாவலர். பாட்டைப் பற்றி அடிபட்ட இருவரும் கஞ்சியில் ஒன்றாக நிற்கிறார்கள். எமது பாடப்புத்தகங்களில் சண்டைக்கு இருக்கும் இடம் கஞ்சிக்கு இல்லை.

வள்ளலார் அந்தப் பஞ்சத்தைப் பார்க்கவில்லை. 1870இல் மேட்டுக்குப்பத்துக்குப் போனார். 1872 தைப்பூசத்தில் வடலூரில் ஞானசபை திறக்கப்பட்டது. 1874 ஜனவரி 30இல் மேட்டுக்குப்பத்து அறைக்குள் போனவர் பிறகு வெளியே வரவில்லை. சந்தேகப்பட்டு வந்து அறையைப் பார்த்த வெள்ளைக்கார அதிகாரிகள், போகும்போது ஏழைகளுக்குச் சோறிட 20 ரூபா கொடுத்தார்கள் என்று அங்கே சொல்வார்கள். 2024 மே மாதம் சம்பூரில் கஞ்சி கொடுத்தவர்களைப் பொலிஸார் கைது செய்த செய்தியை வாசித்தபோது அந்த 20 ரூபா என் நினைவுக்கு வந்தது.

தைப்பூசத்துக்குச் சுற்றுவட்டார விவசாயிகள் இன்றும் வடலூருக்கு அரிசியும் மரக்கறியும் கொண்டு வருகிறார்கள். வந்தவர்கள் எந்த ஊர், என்ன ஆட்கள் என்று கேட்காமல் வரிசையாக இருத்திப் பரிமாறுகிறார்கள்.