நோய்க்குப் பெயர் தந்த வைத்தியர்

உயிரியல் பாடத்துக்காக வாசிக்கத் தொடங்கிய ஒருவரின் வாழ்க்கையை இங்கே எழுதுகிறேன். அலொய்ஸ் அல்சைமர் 1864இல் ஜேர்மனியின் மார்க்பிரைட் என்னும் சிற்றூரில் பிறந்தார். 1888இல் பிராங்பேர்ட் நகர மனநோய் வைத்தியசாலையில் சேர்ந்தார். பகலில் நோயாளரோடு பொறுமையாகக் கதைப்பார். இரவில் நண்பர் நிசிலுடன் நுணுக்குக்காட்டியில் மூளை இழையங்களை ஆராய்வார்.

1901இன் தொடக்கத்தில் அவருடைய மனைவி செசிலி மூன்று பிள்ளைகளை விட்டு இறந்தார். அல்சைமரின் சகோதரி வந்து பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டார். அதே ஆண்டு நவம்பரில்தான் ஒகஸ்டே என்ற 51 வயதுப் பெண் அந்த வைத்தியசாலைக்குக் கொண்டுவரப்பட்டார். கணவர் புகையிரதப் பகுதியில் எழுதுவினைஞர்.

அந்தப் பெண்ணின் நோய் மறதியாகத் தொடங்கவில்லை, கணவர் மீதான சந்தேகமாகத் தொடங்கியது. பிறகுதான் மறதி வந்தது. பொருட்களை ஒளித்து வைத்தார். தன்னைக் கொல்ல வருகிறார்கள் என்று அலறினார். எங்கள் வாப்பும்மா, தன் காப்பை உம்மா எடுத்துவிட்டதாக வருவோர் போவோரிடமெல்லாம் சொன்ன காலம் எனக்கு நினைவிருக்கிறது. அக்கம்பக்கத்தார் அதை மாமி மருமகள் சண்டை என்றே எடுத்துக்கொண்டார்கள். உம்மா பதில் சொல்லாமல் சோறு ஊட்டுவார். அதனால் ஒகஸ்டேயின் கணவரை நினைத்தால் எனக்குக் கவலை கூடுதல். அவர் பட்ட பாட்டுக்கு அன்று ஒரு பெயர்கூட இல்லை.

அல்சைமர் தினமும் ஒகஸ்டேயிடம் கேள்வி கேட்டு எழுதி வைத்தார். கணவர் பெயரைக் கேட்டால் அவர் தன் பெயரையே சொன்னார். பெயரை எழுதச் சொன்னால் பாதியில் மறந்துபோனார்.

அல்சைமர் பின்னர் மியூனிச்சுக்குப் போனாலும் அவரை மறக்கவில்லை. 1906 ஏப்ரலில் ஒகஸ்டே இறந்ததும் மூளையை வரவழைத்தார். வெள்ளி உப்பால் சாயமேற்றிப் பார்த்தபோது, நரம்புக் கலங்களுக்குள் முறுக்கிய நார்க்கட்டுகளும் வெளியே படிவுகளும் தெரிந்தன. சந்தேகமும் பயமும் அந்தப் பெண்ணின் குணமல்ல, மூளைக்கு நேர்ந்த சேதம்.

அவ்வருடம் நவம்பர் 3ஆம் திகதி டூபிங்கன் நகரில் வைத்தியர்கள் முன் இதை விளக்கினார். ஒருவரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை! 1910இல் அவருடைய தலைவர் கிரேபெலின்தான் தம் பாடநூலில் இந்நோய்க்கு அல்சைமரின் பெயரை வைத்தார்.

அல்சைமர் 1915 டிசம்பரில் இறந்தார். அப்போது அவருக்கும் வயது 51. பிராங்பேர்ட்டில் மனைவிக்குப் பக்கத்தில் அடக்கப்பட்டார். ஒகஸ்டேயின் கோவை நெடுங்காலம் காணாமற்போய், 1995இல் அந்நகரிலேயே கிடைத்தது. முடிக்கப்படாத அந்தப் பெயரும் அதற்குள் இருந்தது.