சுவரோரம் நோக்கிய அறிஞர் லுட்விக் பிராண்டில்

காலையில் அம்மா தரும் காப்பி நாவைச் சுடுகிறது. டவராவில் ஊற்றி ஆற்றுகிறோம். பள்ளி மணி அடிக்கும் நேரமாகிவிட்டால் வாயால் ஊதிக் குடிக்கிறோம். நாம் ஊதும் மூச்சு நம் உடம்பின் சூட்டிலிருந்து வருவது. குளிர்ந்த காற்று அன்று. ஆயினும் காப்பி ஆறிவிடுகிறது. கோடை நாளில் மின்விசிறியின் கீழ் அமர்கிறோம். விசிறி அறையின் காற்றைச் சிறிதும் குளிர்விப்பதில்லை. ஆயினும் உடல் குளிர்கிறது. அடுப்பில் பால் காயும்போது கரண்டியால் துழாவாமல் விட்டால் அடிப்பிடித்துவிடுகிறது. துழாவினால் பிடிப்பதில்லை.

இவை நாள்தோறும் நாம் காணும் காட்சிகள். காப்பி ஆறுவதிலும் வியர்வை உலர்வதிலும் ஆவியாதலுக்குப் பங்கு உண்டு என்று பாடத்தில் படித்திருக்கிறோம். ஆனால் இம்மூன்றுக்கும் பொதுவான வேறொரு காரணமும் உண்டு. அது பாத்திரத்தின் சுவரையும், நம் தோலையும், காப்பியின் மேற்பரப்பையும் ஒட்டிக் கிடக்கும் ஒரு மெல்லிய படலத்தில் ஒளிந்திருக்கிறது. அந்தப் படலத்தை உலகுக்குக் காட்டியவர் ஜெர்மன் நாட்டு அறிஞர் லுட்விக் பிராண்டில். அவருடைய வாழ்க்கையை இங்குச் சுருக்கமாகக் காண்போம்.

தந்தையிடம் கற்ற முதற்பாடம்

ஜெர்மனியின் பவேரியா மாநிலத்தில் மியூனிக் நகருக்கு அருகே ஃபிரைசிங் என்னும் பழைமையான பேராலய நகரம் உள்ளது. அங்கே 1875-ஆம் ஆண்டு பிப்ரவரி 4-ஆம் நாள் பிராண்டில் பிறந்தார். தந்தை அலெக்சாண்டர், அவ்வூரை அடுத்த வைஹன்ஸ்டெஃபானில் பேராசிரியராக இருந்தார். ஒரு காலத்தில் பெனடிக்ட் சபைத் துறவிகளின் மடமாக இருந்து, பின்னர் விவசாயக் கல்லூரியாக மாறிய இடம் அது. தாய் மக்தலேனா நெடுங்காலம் நோயுற்றிருந்தார். அதனால் சிறுவன் லுட்விக் பெரும்பாலும் தந்தையின் நிழலிலேயே வளர்ந்தான். இயற்கையில் கண்ணில் படுவதைக் கூர்ந்து பார், பார்த்ததைச் சிந்தித்துப் பார் என்பதே தந்தை கற்பித்த முதற்பாடம். அந்தப் பாடமே பிற்காலத்தில் அவருக்குப் பெருஞ்செல்வமாயிற்று.

1894-இல் மியூனிக் தொழில்நுட்பக் கல்லூரியில் சேர்ந்து பொறியியல் பயின்றார். ஆகஸ்ட் ஃபெப்பல் என்னும் புகழ்பெற்ற பேராசிரியரின் மாணவராகி, 1900-இல் டாக்டர் பட்டம் பெற்றார். அவருடைய ஆய்வு அப்போது காற்றைப் பற்றியதும் அன்று, நீரைப் பற்றியதும் அன்று. பாரத்தால் உத்திரங்கள் எவ்வாறு பக்கவாட்டில் சாய்ந்து முறுக்கிக்கொள்கின்றன என்பதைப் பற்றியது. 1909-இல் தம் ஆசிரியரின் மகளான கெர்ட்ரூட்டை அவர் மணந்துகொண்டார். அவர்களுக்கு இரண்டு பெண் மக்கள்.

தொழிற்சாலையில் எழுந்த கேள்வி

பட்டம் பெற்றதும் நியூரம்பர்க் நகரில் ஒரு பெரிய இயந்திரத் தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்தார். மரச் சீவல்களைக் குழாய்கள் வழியே உறிஞ்சி அகற்றும் கருவியைச் சீர்செய்வது அவருக்குத் தரப்பட்ட பணி. குழாயைப் படிப்படியாக அகலமாக்கினால் காற்றின் வேகம் குறைந்து அழுத்தம் உயரவேண்டும். கணக்கு அப்படித்தான் சொன்னது. ஆனால் குழாயில் அவ்வாறு நடக்கவில்லை. காற்று குழாயின் சுவரை விட்டு விலகிச் சென்றுவிட்டது.

கருவியை வேறு வகையில் திருத்தி அவர் வேலையை முடித்துக் கொடுத்தார். தொழிற்சாலைக்கு அது போதும். ஆனால் பிராண்டிலின் மனத்துக்கு அது போதவில்லை. காற்று ஏன் சுவரை விட்டு விலகுகிறது? இந்தக் கேள்வியைச் சுமந்துகொண்டே 1901-இல் ஹானோவர் நகரத் தொழில்நுட்பக் கல்லூரிக்குப் பேராசிரியராகச் சென்றார்.

அக்காலத்தில் பாய்மங்களைப் பற்றிய அறிவு இரண்டாகப் பிளவுபட்டுக் கிடந்தது. கணித மேதைகள் உராய்வே இல்லாத ஒரு கற்பனைத் திரவத்தை வைத்துக்கொண்டு அழகிய சமன்பாடுகளை எழுதினர். அவற்றின்படி, ஓடும் ஆற்றில் நிற்கும் தூணை நீர் சற்றும் தள்ளாது! இந்த முரண்பாட்டை 1752-லேயே டாலம்பேர் என்னும் பிரெஞ்சு அறிஞர் கண்டு திகைத்தார். உராய்வையும் சேர்த்து நவியேரும் ஸ்டோக்சும் பின்னர் எழுதிய சமன்பாடுகளோ எளிதில் தீர்க்க முடியாதவையாக இருந்தன. எனவே பொறியியலார் கணிதத்தை நம்பாமல், அளந்து பார்த்துக் கிடைத்த எண்களைக் கொண்டே காலம் தள்ளினர்.

பிராண்டில் ஒரு சிறிய நீர்த்தொட்டியை அமைத்தார். கையால் சுழற்றும் சக்கரம் அதில் நீரை ஓடச் செய்தது. நீரில் மின்னும் நுண்துகள்களைத் தூவி, ஓட்டம் எவ்வாறு வளைகிறது, எங்கே பிரிகிறது என்று பார்த்துப் புகைப்படம் எடுத்தார். எவரும் கடைத்தெருவில் கிடைப்பதைக் கொண்டு செய்துவிடக்கூடிய கருவிதான். ஆனால் அதை நோக்கிய கண்கள் வேறு.

பத்து நிமிடப் பேச்சு

1904-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் ஹைடல்பர்க் நகரில் உலகக் கணித அறிஞர்களின் மூன்றாவது மாநாடு கூடியது. அங்கே 29 வயதான பிராண்டிலுக்குப் பேசக் கிடைத்தது பத்து நிமிடம். பின்னர் அச்சில் வந்த கட்டுரையோ எட்டுப் பக்கம். ஆயினும் பாய்ம இயல் என்னும் அறிவுத்துறை அன்று புதிதாய்ப் பிறந்தது என்றால் மிகையாகாது.

அவர் சொன்னது இதுதான். ஒரு பொருளின் மீது காற்றோ நீரோ ஓடும்போது, அப்பொருளைத் தொட்டுக்கொண்டிருக்கும் துளி நகர்வதே இல்லை. அது ஒட்டிக்கொண்டு நின்றுவிடுகிறது. சற்று மேலே சென்றால் மெல்ல நகர்கிறது. இன்னும் சற்று மேலே ஓட்டம் தன் முழு வேகத்தையும் அடைந்துவிடுகிறது. இந்த மாற்றம் முழுவதும் மிக மெல்லிய ஒரு படலத்துக்குள் நிகழ்ந்துவிடுகிறது. உராய்வின் ஆட்சி அந்தப் படலத்துக்குள் மட்டுமே. அதற்கு வெளியே உராய்வை மறந்துவிடலாம். பழைய அழகிய சமன்பாடுகளே போதும். இந்தப் படலத்துக்கு எல்லைப் படலம் என்று பெயர். படலத்துக்குள் வேகமிழந்து களைத்துப்போன காற்று, எதிரே அழுத்தம் உயரும்போது மேலே செல்ல இயலாமல் சுவரை விட்டுப் பிரிகிறது. நியூரம்பர்க் குழாயின் புதிர் இவ்வாறு விடுபட்டது.

கூட்டத்தில் பலர் இதன் பெருமையை உணரவில்லை. உணர்ந்தவர் ஃபெலிக்ஸ் கிளைன் என்னும் கணிதப் பேராசிரியர். அவர் அதே ஆண்டு பிராண்டிலைக் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்துக்கு அழைத்துக்கொண்டார். ஹானோவரில் முழுப் பேராசிரியராக இருந்தவர், கோட்டிங்கனில் அதனினும் தாழ்ந்த பதவியை ஏற்றார். பதவியைவிட ஆராய்ச்சி அவருக்குப் பெரிதாக இருந்தது.

வெப்பமும் அந்தப் படலமும்

இனி நம் காப்பிக்குத் திரும்புவோம். சூடான பரப்பை ஒட்டிக் காற்று அசையாது நிற்கிறது என்று கண்டோம். காற்று வெப்பத்தை எளிதில் கடத்தாது. எனவே அந்த மெல்லிய படலம் ஒரு போர்வைபோல் வெப்பத்தைத் தடுத்து நிற்கிறது. பரப்பின் சூட்டிலிருந்து வெளிக்காற்றின் குளிர்ச்சி வரை உள்ள மாற்றம் யாவும் அதற்குள்ளேயே நிகழ்கிறது. இதனை வெப்ப எல்லைப் படலம் என்பர். ஊதும்போது போர்வை மெலிகிறது. வெப்பம் விரைந்து வெளியேறுகிறது. ஒரு தட்டையான பலகையின் மீது காற்று சீராக வீசும்போது, அதன் வேகம் நான்கு மடங்கானால் படலத்தின் தடிமன் பாதியாகக் குறையும் என்பது கணக்கு. விசிறியின் குளுமைக்கும் இது ஒரு காரணம். பால் அடிப்பிடிப்பதும் இதனால்தான். பாத்திரத்தின் அடியில் தேங்கிய படலம் சூட்டை மேலே விடாமல் தானே கருகுகிறது. கரண்டி அதைக் கலைத்துவிடுகிறது.

1910-இல் பிராண்டில் மற்றோர் உண்மையை விளக்கினார். குழாயில் கொந்தளித்து ஓடும் நீர் சுவரில் எவ்வளவு உராய்கிறது என்று தெரிந்தால், அது எவ்வளவு வெப்பத்தை எடுத்துச் செல்லும் என்றும் கணக்கிடலாம் என்றார். வேகத்தைச் சுமந்து செல்லும் அதே கலக்கம்தான் வெப்பத்தையும் சுமந்து செல்கிறது. இங்கிலாந்தின் ஆஸ்பார்ன் ரெனால்ட்ஸ் 1874-லேயே இதைக் குறிப்பிட்டிருந்தார். அதில் விடுபட்டிருந்த சுவரோரப் படலத்தைப் பிராண்டில் சேர்த்தார்.

ஒரு பாய்மத்தில் வேக மாற்றம் பரவுவது விரைவா, வெப்பம் பரவுவது விரைவா என்பதைக் காட்டும் எண்ணுக்கு இன்று பிராண்டில் எண் என்றே பெயர். அது காற்றுக்கு ஏறத்தாழ 0.7, சாதாரண வெப்பநிலையில் உள்ள நீருக்கு ஏறத்தாழ 7, பாதரசத்துக்கு ஒன்றில் நாற்பதில் ஒரு பங்கு அளவே. காற்றில் இரு படலங்களும் ஏறக்குறைய ஒரே தடிமன் உடையவை. நீரில் வெப்பப் படலம் மெலிந்தது. பாதரசத்தில் அதுவே தடித்தது. 1921-இல் எர்ன்ஸ்ட் போல்ஹாசன் என்பவர் பிராண்டிலின் வழியைப் பின்பற்றித் தட்டையான பலகை வெப்பத்தை இழக்கும் அளவைக் கணக்கிட்டுக் காட்டினார். மோட்டார் வண்டியின் ரேடியேட்டர், மின் நிலையத்தின் கொதிகலன், கணிப்பொறிக்குள் சுழலும் சிறு விசிறி ஆகிய யாவற்றையும் வடிவமைப்போர் இன்றும் இந்தக் கணக்கிலிருந்தே தொடங்குகின்றனர்.

ஆசிரியரும் மாணவியும்

கோட்டிங்கனில் பிராண்டில் 1908-இல் காற்றுச் சுரங்கம் அமைத்தார். விமான இறக்கைகளின் கணக்கை வகுத்தார். 1925 முதல் அங்கே பாய்ம ஆய்வுக்கென்றே அமைந்த நிலையத்தை நடத்தினார். அவர் மேடையில் சிறந்த சொற்பொழிவாளர் அல்லர். ஆயினும் பிளாசியஸ், வான் கார்மன், ஷ்லிக்டிங் போன்ற மாணவர்கள் அவரிடம் பயின்று உலகெங்கும் புகழ் பெற்றனர்.

நம் பள்ளி மாணவிகள் சிறப்பாக அறியவேண்டிய பெயர் ஒன்று உண்டு. இர்ம்கார்ட் லோட்ஸ் என்னும் இளம் பெண் டாக்டர் பட்டம் பெற்றுக் கோட்டிங்கனுக்கு வந்து சேர்ந்தார். இறக்கையில் தூக்குவிசை எவ்வாறு பரவியுள்ளது என்று கணக்கிடுவதில் ஒரு சிக்கல் இருந்தது. கடினமென்று கருதிப் பிராண்டிலே அதை ஒத்திவைத்திருந்தார். லோட்ஸ் அதைத் தீர்த்து 1931-இல் வெளியிட்டார். அந்த முறைக்கு அவர் பெயரே நிலைத்தது. பின்னாளில் அவர் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் பொறியியல் துறையின் முதல் பெண் பேராசிரியர் ஆனார்.

இருண்ட ஆண்டுகள்

பெரியோரின் வாழ்க்கையை எழுதும்போது நல்லதை மட்டும் சொல்லி முடிப்பது எளிது. அது நேர்மை ஆகாது. 1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் கோட்டிங்கனிலிருந்து யூத அறிஞர்கள் வெளியேற்றப்பட்டனர். கணித மேதை எம்மி நோதர் என்னும் பெண்மணியும் அவர்களுள் ஒருவர். பிராண்டில் அந்தக் கட்சியில் சேரவில்லை. தம் உடன் உழைத்த ஓரிருவருக்காகப் பரிந்து பேசினார். பழிதூற்றப்பட்ட ஹைசன்பர்க் என்னும் இயற்பியல் அறிஞருக்காக 1938-இல் ஆட்சியாளரிடமே வாதாடினார். ஆனால் அதே ஆண்டில், இங்கிலாந்தில் இருந்த தம் நண்பர் ஜி. ஐ. டெய்லருக்கு எழுதிய கடிதத்தில் அந்த அரசை ஆதரித்து எழுதினார். அவருடைய ஆய்வு நிலையம் அரசின் பணத்தால் வளர்ந்தது, போருக்கும் உழைத்தது.

சுவரோரத்து மெல்லிய படலத்தைக் கண்ட கண்கள், தம் ஊரின் தெருவோரத்தில் நடந்த கொடுமையை முழுதாகக் காணத் தவறின. இதை நாம் வருத்தத்தோடுதான் எழுதுகிறோம். அறிவு மிகுந்தால் மட்டும் போதாது, மனச்சான்றும் விழித்திருக்க வேண்டும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டுமோ?

நமக்குரிய பாடம்

1953-ஆம் ஆண்டு ஆகஸ்டு 15-ஆம் நாள், தேவமாதா விண்ணேற்புத் திருநாளன்று, பிராண்டில் கோட்டிங்கனில் தம் 78-ஆம் வயதில் காலமானார். நோபல் பரிசு அவருக்குக் கிட்டவில்லை. ஆனால் வானில் பறக்கும் ஒவ்வொரு விமானத்தின் இறக்கையிலும் அவர் கண்ட படலம் இருக்கிறது. நம் வீட்டு அடுப்படியிலும் இருக்கிறது.

பெரிய ஆற்றின் ஓட்டத்தையே எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தபோது, அவர் கரையை ஒட்டிய ஒரு விரற்கடை நீரைப் பார்த்தார். ஆற்றின் இரகசியம் அங்கேதான் இருந்தது. நம் வாழ்விலும் அப்படித்தான். நம்மைத் தொட்டுக்கொண்டிருப்பவற்றைத்தான் நாம் மிக எளிதில் மறக்கிறோம். அருகில் அமர்ந்திருக்கும் தோழியின் வாடிய முகம், அடுப்படியில் தனியே நிற்கும் அம்மாவின் களைப்பு, நம் கண்முன் பிறர்க்கு இழைக்கப்படும் அநீதி ஆகிய இவையே நம் எல்லைப் படலங்கள்.

நாளைக் காலையில் காப்பியை ஊதும்போது பிராண்டிலை ஒரு கணம் நினைத்துக்கொள்வோம். அவர் கண்டதைக் கற்போம். அவர் காணத் தவறியதையும் காணப் பழகுவோம்.