நயினியப்பரின் மேல்முறையீடு

ஊழல் வழக்குகளின் மேல்முறையீடுகள் ஆண்டுக்கணக்கில் இழுபடுவதைச் சந்தவாசலில் அமர்ந்து படிக்கும்போதெல்லாம், புதுச்சேரி நயினியப்ப பிள்ளையை நினைத்துக்கொள்கிறேன். ஆனந்தரங்கப் பிள்ளையின் உறவினர். 1708 முதல் பிரெஞ்சுக் கம்பெனியின் தலைமைத் துபாஷ். அந்நாளைய வணிகத்தில் துபாஷின் நாணயமே பாதி முதலீடு.

1716 பிப்ரவரியில் ஆளுநர் எபேர் அவரைக் கைது செய்தார். பதவியைக் கொண்டு மக்களைக் கொடுமைப்படுத்தினார், கலகம் தூண்டினார் என்பவை குற்றச்சாட்டுகள். விசாரித்தவர் எபேர், தண்டித்ததும் அவர் தலைமையிலான குழுவே. சாட்சியங்கள் பதிவான பிரெஞ்சு மொழி பிள்ளைக்குப் படிக்கத் தெரியாது. கடைவீதியில் 50 கசையடி, 3 ஆண்டுச் சிறை, 8,888 வராகன் அபராதம், சொத்துப் பறிமுதல். 1717இல் சிறையிலேயே இறந்தார்.

முறையீடு அவரோடு சாகவில்லை. மகன் குருவப்பர் பிரான்சுக்கே கப்பலேறினார். செயின்ட் மாலோ வணிகர்களும் குடும்பத்துக்காகப் பரிந்து பேசினார்கள்; நீதியுணர்வை நான் மறுக்கவில்லை, ஆனால் நம்பகமான தரகர் இல்லாவிட்டால் அவர்களுக்குச் சரக்கு இல்லை என்பதையும் பொருளியல்காரன் கவனிப்பான். தீர்ப்பு ரத்தாகி, சொத்தைத் திருப்பித்தர ஆணை பிறந்தது. எபேர் கைதியாகப் பிரான்சுக்கு அனுப்பப்பட்டார். பாரிஸில் ஞானஸ்நானமும் செவாலியர் பட்டமும் பெற்ற குருவப்பர், தந்தையின் பதவியில் அமர்ந்து 1724இல் இறந்தார்.